பதவி உயர்வு வேண்டாம் என்று எழுதியது யார்?

என் உயிர் நைனாவுக்கு,

நீ போய் ஆறு மாதமாகிவிட்டது. உன் வழக்கு மட்டும் இன்னும் ஓடிக்கொண்டிருக்கிறது. நீ ஜெயித்த தீர்ப்பை எதிர்த்து உன் அலுவலகம் போட்ட மேல்முறையீட்டில், உன் இடத்தில் இப்போது அம்மாவையும் என்னையும் சேர்த்திருக்கிறார்கள். உன் பெயருக்குப் பக்கத்தில் 'கண்காணிப்பாளர்' என்று காகிதத்திலாவது வந்துவிட வேண்டும் என்பதுதான் என் வீம்பு.

குறுக்கே நிற்பது ஒரே ஒரு தாள். குடும்பச் சூழலால் பதவி உயர்வு வேண்டாம் என்று நீயே எழுதிக் கொடுத்ததாக, மேல்முறையீட்டில்தான் முதன்முதலாக அதை நீட்டினார்கள். கீழே உன் கையெழுத்து. நீயாவது, வேண்டாம் என்று எழுதுவதாவது! அந்தப் பதவிக்காகப் பத்து வருஷம் கோர்ட்டுக்கு நடந்த ஆளாயிற்றே. கையெழுத்தைச் சோதனைக்கு அனுப்ப மனுப் போடலாம் என்றார் வக்கீல்.

எனக்கு ராஜேந்திரன் மாமா மேல்தான் சந்தேகம். உன் பக்கத்து மேசைக்காரர், உனக்கு இளையவர், உன்னைத் தாண்டிப் பதவி உயர்வு வாங்கியவர். கருமாதிக்குச் செய்யூரிலிருந்து ஒரு மூட்டை வேர்க்கடலையோடு வந்தார். மடியில் கனம் இல்லாதவர் எதற்கு மூட்டையோடு வருகிறார்? அதில் ஒரு கடலையைக்கூட நான் வாயில் வைக்கவில்லை.

போன வாரம் செங்கல்பட்டு பஸ் நிலையத்தில் அவரை மடக்கினேன். அந்தக் கடிதத்தை அலுவலகத்தில் கொடுத்தது நீங்கள்தானே என்று கேட்டேன்.

"ஆமா, நான்தான் குடுத்தேன். உங்கப்பா மஞ்சக்காமாலைல படுத்துகினு இருந்தாரு. வூட்ல குடுத்தாங்க, எடுத்துகினு போனேன். இதுல இன்னா கீது?"

"வூட்ல யாரு?"

அவர் பஸ் வருகிறதா என்று பார்த்தார்.

படாளத்தில் நம் வீடு வந்து சேரும்வரை அந்த 'வூட்ல' என்பதையே நினைத்துக்கொண்டு வந்தேன். நீ படுத்துவிட்டால் விடுப்புக் கடிதம் எழுதுவது அம்மாதான். உன் கையெழுத்தையும் அவளே போடுவாள், மாமா எடுத்துப் போவார். நம் வீட்டில் யாரும் அதைத் தப்பாக நினைத்ததே இல்லை.

அம்மா மீன் கழுவிக்கொண்டிருந்தாள். கேட்டேன். நிமிரவே இல்லை.

"நான்தான் போட்டேன். ராமநாதபுரத்துல போடுவாங்கன்னாங்க. எழுந்து நிக்க முடியாத மனுசன அங்க தனியா எப்டி அனுப்பறது? நீ வேற பன்னெண்டாவது படிச்சிகினு இருந்த. அடுத்த வருசம் குடுப்பாங்கன்னு நெனச்சேன். கேஸு போடுவாருன்னு எனக்கு இன்னா தெரியும்?"

பிறகு மெதுவாகச் சொன்னாள். "கடைசி வரிக்கும் அவருக்குத் தெரியாது. அந்த ஒரு நிம்மதி போதும்."

பத்து வருஷமாக மூச்சு விடவில்லை, நைனா! கோபமும் வந்தது, அழுகையும் வந்தது. சோதனைக்கு அனுப்பினால் அது உன் கையெழுத்தில்லை என்று வரும், நாம் ஜெயிப்போம். அப்புறம் யாருடையது என்று கேட்பார்கள்.

வக்கீலுக்குப் போன் போட்டு, சோதனை வேண்டாம் என்றேன். அவர் சலித்துக்கொண்டார்.

"உங்கப்பாவும் இதேதாம்மா சொன்னாரு. அந்தத் தாளு கோர்ட்டுக்கு வந்தப்பவே அதோட நகல வாங்கி ரொம்ப நேரம் பாத்தாரு. டெஸ்டெல்லாம் வேணாம் சார், தோத்தாலும் பரவால்லன்னு எழுந்து போய்ட்டாரு."

அன்று வீட்டுக்கு வந்து அம்மாவிடம் என்ன பேசினாய்? எப்போதும்போலச் சோறு போடச் சொன்னாயா? அவள் முகத்தை எப்படிப் பார்த்தாய்?

தீர்ப்பு எப்படி வேண்டுமானாலும் வரட்டும். உனக்குத் தெரிந்துவிட்டது என்பதை மட்டும் அம்மாவிடம் நான் சொல்லவே மாட்டேன். இது சத்தியம்.

உன் மகள்,
செல்வி