தாளடி என்று எழுதியவளுக்கு

என் வளரு,

வாய்க்காலில் தண்ணீர் வந்துவிட்டது. நீ இருந்தால் செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு கரையிலேயே நடந்திருப்பாய். நான் மோட்டார் பட்டறை வாசலில் நின்று பார்த்தேன். நீ நடந்துபோவது போலத்தான் இருந்தது. கூப்பிடவில்லை. கூப்பிட்டால் போய்விடுவாயோ என்று.

அந்தக் காய்ச்சல் உன்னைக் கொண்டுபோய் ஐந்து மாதம். மோட்டாருக்குக் காயில் கம்பி கட்டுகிறேன், மீட்டர் வைத்துப் பார்க்கிறேன். கரன்ட் போகுது, ஆனா சுத்தலங்க என்று மோட்டாரைத் தூக்கிக்கொண்டு வருவார்களே, நானும் அப்படித்தான் இருக்கிறேன்.

உன் கேஸைப் பற்றிச் சொல்லத்தான் எழுதுகிறேன்.

உதவி வேளாண்மை அலுவலர் பரீட்சையில், குறுவை நெல் அறுத்த வயலில் அடுத்து நடும் பருவம் எது என்று ஒரு கேள்வி. நீ தாளடி என்று எழுதினாய். விடைக்குறிப்பில் சம்பா என்று போட்டுவிட்டார்கள். அந்த ஒரு கேள்வியில் வேலை போயிற்று. "ஃபேனுக்கு அடியில உக்காந்து கேள்வி எடுத்தா சம்பாவும் தாளடியும் ஒண்ணாத்தான் மாமா தெரியும்" என்று சிரித்தாய். சிரித்துக்கொண்டே, அதே விடையை எழுதியிருந்த திருவையாற்று அமலியையும் சேர்த்துக்கொண்டு மதுரைக் கோர்ட்டுக்குப் போனாய். தீர்ப்பு வரும்வரை ஓர் இடத்தைக் காலியாக வைக்கச் சொன்னார்கள். மார்க்கில் நீ முன்னால், அமலி உனக்கு அடுத்து.

நீ போன பிறகும் கோர்ட் பட்டியலில் உன் பெயர் வந்துகொண்டே இருந்தது. ஒவ்வொரு வாய்தாவுக்கும் போனில் பார்ப்பேன். வளர்மதி, முதல் மனுதாரர். அந்தப் பட்டியலில் மட்டும் நீ இன்னும் வேலைக்குக் காத்துக்கொண்டிருந்தாய். வக்கீல் இறப்புச் சான்றிதழைக் கேட்டார். அனுப்புகிறேன் சார் என்றேன். அனுப்பவில்லை. நான் கொடுக்காதவரை அந்த இடம் அமலிக்குப் போகாது என்று தெரியும். தெரிந்தேதான் வைத்திருந்தேன். திட்டுவாயா வளரு?

ஒரு ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்து அமலி பட்டறைக்கு வந்தாள்.

"அண்ணே, நான் சர்ட்டிபிகேட்டக் கேக்க வரல."

"வேற எதுக்கு வந்த?"

"அவ நோட்டு ஒண்ணு எங்கிட்ட இருந்துச்சு." நோட்டை எடுத்து மேசையில் வைத்தாள். "கேஸு போடவே பயந்தேண்ணே. 'வேல கெடக்கட்டும்டி, நாளைக்கு நம்ம புள்ளைங்க சம்பான்னு எழுதி மார்க் வாங்கக் கூடாது'ன்னு இழுத்துட்டுப் போனா."

நமக்குப் பிள்ளை இல்லை. ஆனாலும் அப்படிச் சொல்லியிருக்கிறாய். அடுத்த வாய்தாவுக்குச் சான்றிதழை எடுத்துக்கொண்டு அமலியோடு பஸ் ஏறினேன்.

கோர்ட்டில் எல்லாம் தண்ணீருக்கு அடியில் நடப்பது போல இருந்தது. உன் பெயரைப் பேனாவால் அடித்தார்கள். சத்தமே இல்லை. பிறகு நீதிபதி கேட்டார், "அது என்ன தாளடி? சம்பாவிலேயே அடங்காதா?" வக்கீல் மதுரைக்காரர். திரும்பி எங்களைப் பார்த்தார். அமலி என்னைப் பார்த்தாள். நான் எழுந்துவிட்டேன்.

"ஐயா, குறுவ அறுத்ததும் தாளு வயல்லயே நிக்கும். அத மடக்கி உழுது, அது மேலயே நடுறது தாளடி. சம்பா நடுற வயல்ல அதுக்கு முன்னாடி குறுவ கெடயாதுங்க."

"நீங்க விவசாயியா?"

"இல்லீங்கய்யா, மோட்டார் ரிப்பேரு. எம் பொண்டாட்டி சொன்னது."

பின்னால் யாரோ சிரித்தார்கள். நீயோ என்று திரும்பிப் பார்த்தேன்.

நேற்று தீர்ப்பு நகல் வந்தது. முழுக்க இங்கிலீஷ். உன் பெயருக்குப் பக்கத்தில் இறந்துவிட்டார் என்று இருக்கிறது. அதைத் தாண்டிப் போனால் தமிழில் ஒரே ஒரு சொல், தாளடி. அதுதான் சரியான விடையாம். இடம் அமலிக்கு. இனி அந்தச் சொல்லைப் படிக்கிறவர்களுக்கு அதன் பின்னால் நீ இருப்பது தெரியுமா?

குறுவைக்கு நாற்று விட்டாயிற்று. அறுத்ததும் உங்கள் அப்பா வயலில் தாளடிக்கு ஏர் பூட்டும் அன்று, ஆபீசரம்மா அமலியைக் கூட்டிக்கொண்டு போவேன். தாளை மடக்கி உழும்போது செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு கரையில் நடப்பேன். அன்றைக்கு உன்னைக் கூப்பிடுவேன்.

உன் அத்தை மகன்,
பட்டறைக்காரன்