முழங்காலுக்கு ஒரு ஊர்

ஹார்ட்வெல்,
மே மாதக் கடைசிச் சனிக்கிழமை, 1739.

என் ஹிட்டிக்கு,

உன் ஜேபஸ் எழுதுகிறேன். உயிரோடு இருக்கிறேன். தலைமுடி மட்டும் நீ போனபோது இருந்ததைவிடக் கொஞ்சம் குறைவு. முழங்கால் எப்படி இருக்கிறது, உன் அக்கா டெபோரா வீட்டு மாடிப்படி ஏற முடிகிறதா, அதை முதலில் எழுது.

ஒரு சங்கதியை நானே ஒப்புக்கொண்டுவிடுகிறேன். இப்ஸ்விச்சுக்கு வரும் மீன் வண்டிக்காரன் எப்படியும் உன்னிடம் சொல்லத்தான் போகிறான். நீ போன நாளிலிருந்து நம் மாடு செரி எனக்குப் பால் தரவில்லை. கெஞ்சினேன், பாடினேன், பூசணித்துண்டு கொடுத்தேன். பூசணியைத் தின்றுவிட்டு வாளியை உதைத்தது. கடைசியில் உன் நீல ஏப்ரனைக் கட்டிக்கொண்டு போய் உட்கார்ந்தேன். கண்ணை மூடிக்கொண்டு கறந்துகொள்ள விட்டது. மார்ச் மாதத்திலிருந்து நம் வீட்டில் இதுதான் நடைமுறை.

செவ்வாய்க்கிழமை காலையில் அதே கோலத்தில் வாளியோடு தொழுவத்தை விட்டு வெளியே வருகிறேன், முற்றத்தில் நான்கு குதிரைகள். பாஸ்டன் சட்டசபை அனுப்பிய குழுவில் ஒரு கர்னலும் இரண்டு பெரிய மனிதர்களும். நான்காவது குதிரையில் எல்நாதன் பிரே. வெள்ளைக் கழுத்துப்பட்டை, துடைத்த பூட்ஸ். கர்னல் என்னை மேலும் கீழும் பார்த்துவிட்டு, “வீட்டம்மா இருக்காங்களா?” என்று கேட்டார். “இப்போதைக்கு நான்தாங்க ஐயா,” என்றேன். மூன்று பேரும் சிரித்தார்கள். எல்நாதன் சிரிக்கவில்லை. சிரித்துத் தொலைத்திருந்தால்கூட எனக்கு ஆறியிருக்கும்.

வந்த காரியம் உனக்குத் தெரிந்ததுதான். ஓடைக்கு இந்தப் பக்கத்தில் உள்ள இருபத்தெட்டுக் குடும்பங்களும், ஞாயிறு ஆராதனைக்குப் போக வேண்டிய பழைய ஊரின் சபைவீடு ஆறு மைல் தள்ளியிருக்கிறது, எங்களைத் தனி ஊராகப் பிரித்துவிடுங்கள் என்று மனுப் போட்டிருக்கிறார்களே, அதை விசாரிக்க வந்திருக்கிறார்கள். வெள்ளை ஓக் மரத்திலிருந்து கரும்பாறை வரைக்கும் எல்லைக் கோடு. அந்தக் கோடு நம் சமையலறைக்கும் தொழுவத்துக்கும் நடுவே போகிறது. அதனால் நாம் எந்த ஊர் என்பதை நாமே சொல்லலாமாம். சாப்பாடு ஒரு ஊரில், பால் ஒரு ஊரில் என்று வைத்துக்கொள்ளட்டுமா என்று கேட்டேன். கர்னல், அப்படி வழக்கமில்லை என்றார்.

நம் மேசையில் உட்கார்ந்து அவரைக்காயும் உப்புக்கறியும் சாப்பிட்டார்கள். அப்புறம் கர்னல் மனுவை உரக்கப் படித்தார். முதல் கூறு, தூரம். இரண்டாவது, மழைக்காலத்துச் சேறு. மூன்றாவது கூறு வந்தபோது நான் கரண்டியைக் கீழே வைத்துவிட்டேன். “ஆண்கள் பேசிக்கொண்டே முன்னால் போய்விடுகிறார்கள். கால் வலுவில்லாத பெண்கள் பின்தங்குகிறார்கள். இந்தப் பிப்ரவரியில் ஓடைத்துறையில் பனிக்கட்டியில் வழுக்கி விழுந்த ஒருத்தி முழங்கால் பெயர்ந்து, கூப்பிட்ட குரல் யாருக்கும் கேட்காமல் நெடுநேரம் கிடந்தாள்.”

பேர் போடவில்லை. பேர் எதற்கு? பாஸ்டனில் மெழுகுவத்தி வைத்துக்கொண்டு பெரிய பெரிய மனிதர்களெல்லாம் என் பெண்டாட்டியின் முழங்காலைப் பற்றிப் படித்திருக்கிறார்கள். படிக்கக் கொடுத்தவன் யார்? இருபத்திரண்டு வருஷத்துக்கு முன்னால் உன்னைக் கட்டிக்கொள்ள இருந்தவன். பெண்டாட்டி போய் மூன்று வருஷமாகத் தனியாக இருப்பவன். முத்து முத்தான கையெழுத்தில் எல்லாருக்குமாக இந்த மனுவை எழுதியவன். அன்றைக்கு உன்னைக் குதிரையில் தூக்கி வைத்துக்கொண்டு வந்தவனும் அவன்தான். அதை நான் மறக்கவில்லை. மறக்க விட்டால்தானே. அந்தக் குதிரை வாரத்துக்கு இரண்டு தடவை நம் வேலி ஓரமாகப் போகிறது.

நான் எழுந்து, நாங்கள் பழைய ஊரிலேயே இருந்துகொள்கிறோம் என்று சொல்லிவிட்டேன். ஆறு மைல் என்ன, அறுபது மைல் நடப்போம் என்றேன். கர்னல் என் முகத்தையும் ஏப்ரனையும் பார்த்தார். “அவசரமில்ல. நாளைக்குக் கோட்டை நடந்து பாக்கப் போறோம். கூட வாங்க, நடந்துட்டுச் சொல்லுங்க,” என்றார்.

புதன்கிழமை நில அளவரும் அவருடைய ஆட்களும் வந்து சேர, நடந்தோம். கோடு நடக்கிற வழக்கப்படி ஆளுக்கொரு கல் எடுத்து ஒவ்வொரு மூலையிலும் போட்டோம். எல்நாதன் சின்னக் கல்லாகப் போட்டான். நான் பெரிதாகப் போட்டேன். அடுத்த மூலையில் அதைவிடப் பெரிதாகப் போட்டேன். மூன்றாவது மூலையில் முதுகு பிடித்துக்கொண்டது. அவன் என் கையைப் பிடித்து நிமிர்த்திவிட்டான். அதுவும் எனக்குப் பிடிக்கவில்லை. “என் வீட்டுச் சமாச்சாரத்த ஊர்ச் சமாச்சாரமா ஆக்கிட்டியேய்யா. முழங்கால் என்ன பொதுச் சொத்தா?” என்று கேட்டுவிட்டேன்.

அவன் தன் கையிலிருந்த சின்னக் கல்லைக் குவியலில் போட்டான். அப்புறம், “மூணாவது கூறு நான் எழுதினதில்ல ஜேபஸ். ஹிட்டி எழுதி அனுப்பினது. நான் பேரை மட்டும் எடுத்துட்டேன்,” என்றான்.

ஏப்ரலில் வண்டிக்காரன் உன் கடிதம் இரண்டு கொண்டுவந்தான். எனக்கு ஒன்று, எல்நாதனுக்கு ஒன்று. நான் கையில் வைத்து எடை பார்த்தேன், ஹிட்டி. அதையும் ஒப்புக்கொள்கிறேன். எனக்கு ஆறு வரி. அவனுக்குத் தாள் முழுக்க. அந்தத் தாளில் என்ன இருக்கும் என்று ஒன்றரை மாதமாக நான் என்னென்னவோ நினைத்துக்கொண்டேன். இருந்தது நான்தான். முன்னால் போய்விடுகிற ஆள்.

இதை எனக்கு எழுதியிருக்கக் கூடாதா என்று கேட்க வாயெடுத்தேன். அப்போதுதான் போன அக்டோபர் மாதம் ஞாபகம் வந்தது. அவ்வளவு தூரம் நடக்க முழங்கால் நோகிறது, மனுவில் நீயும் கையெழுத்துப் போடு என்று நீ சாப்பாட்டு மேசையில் சொன்னாய். விருந்தாட்கள் இருந்தார்கள். உன் முழங்காலுக்கு ஒரு ஊர் வேண்டுமென்றால் என் முதுகுக்கு ஒரு மாவட்டமே வேண்டும் என்றேன். எல்லாரும் வயிறு வலிக்கச் சிரித்தார்கள். நீ தட்டுகளை எடுத்துக்கொண்டு உள்ளே போய்விட்டாய். நல்ல தமாஷ் என்றுதான் போன வாரம் வரைக்கும் நினைத்திருந்தேன்.

கோடு ஓடைத்துறைக்கு வந்தது. நீ விழுந்த கல்லை எல்நாதன் காட்டினான். அவன் காட்டித்தான் எனக்குத் தெரிய வேண்டியிருந்தது. அன்றைக்கு நான் நின்று சபைவீட்டு டீக்கனிடம் பன்றிக் கதை சொல்லிக்கொண்டிருந்த எல்ம் மரம் எனக்குத் தெரியும். அளவுச் சங்கிலி பிடிக்கிற ஆட்களிடம் அந்தக் கல்லிலிருந்து எல்ம் மரம் வரைக்கும் ஒரு தடவை போட்டுப் பாருங்கள் என்றேன். அது எந்த எல்லையிலும் சேராதே என்றார்கள். போடுங்கள் என்றேன். ஏழரைச் சங்கிலி, ஏறக்குறைய ஐந்நூறு அடி. நில அளவர் தன் குறிப்பேட்டில் அதை எழுதப் போனார். கர்னல் வேண்டாம் என்று கையைக் காட்டினார்.

பிறகு மழை வந்துவிட்டது. வரைபடச் சுருள் நனையாமல் இருக்க உன் ஏப்ரனைக் கொண்டுவந்து சுற்றிக் கொடுத்தேன். நம் வீட்டு மேசையில்தான் மற்ற காகிதங்களை விரித்தார்கள். தொழுவத்தைச் சுற்றிக் கோட்டை வளைக்கச் சொல்லி, நம் வீட்டையும் மாட்டையும் புதிய ஊரில் சேர்த்துவிட்டேன். மனுவில் கடைசிப் பெயர் என்னுடையது. கையெழுத்துக்குப் பதிலாகச் சிலர் போடுகிற பெருக்கல் குறி போடவில்லை, முழுப் பெயரும் எழுதினேன். ஒரு எழுத்து விட்டுப்போய்விட்டது. எல்நாதன் பார்த்தான், சொல்லவில்லை.

ஊருக்கு இன்னும் பெயர் வரவில்லை. காகிதத்தில் அந்த இடம் காலியாக இருக்கிறது, கவர்னர் எழுதுவாராம். புதிய சபைவீடு நம் வாசலிலிருந்து அரை மைல். வழியில் ஓடை கிடையாது. பழைய ஊர் டீக்கன் என்னைப் பார்த்து, “உன்னையும் இழுத்துட்டானுங்களாய்யா?” என்றார். என்னை யாரும் இழுக்கவில்லை, ஏழரைச் சங்கிலி தூரம் திரும்பி வந்திருக்கிறேன் என்றேன். அவருக்குப் புரியவில்லை.

எல்நாதன்தான் புதிய ஊருக்கு எழுத்தர் ஆவான் போலிருக்கிறது. வாரா வாரம் அவன் மூஞ்சியைப் பார்க்க வேண்டும். அவன் நல்லவன், அதுதான் எனக்கு ஆறவில்லை. இதை எழுதுவதற்குள் எனக்கு இரண்டு நாள் ஆகிவிட்டது, அவன் என்றால் ஒரு மணி நேரத்தில் முடித்திருப்பான்.

நீ வந்தபின் ஞாயிற்றுக்கிழமைகளில் நீ முன்னால் நட, நான் பின்னால் வருகிறேன். பேச வேண்டுமென்றால் உன் முதுகைப் பார்த்துப் பேசிக்கொள்கிறேன். பன்றிக் கதையை உனக்கு வேண்டாமென்றால் விட்டுவிடுகிறேன். இனி எனக்கும் ஆறு வரியே எழுது, போதும். ஏழாவது வரியில் எந்த நாள் வண்டி அனுப்ப வேண்டும் என்பதை மட்டும் எழுதிவிடு.

கர்த்தர் உன் காலை ஸ்திரப்படுத்தட்டும். என்னையும் கொஞ்சம்.

உன்,
ஜேபஸ் டோல்.

பின்குறிப்பு: வரைபடத்தைச் சுற்றிய உன் ஏப்ரன் கர்னலின் பையோடு பாஸ்டன் போய்விட்டது. செரி இரண்டு நாள் பால் தரவில்லை. இன்று காலை உன் பழுப்புப் பாவாடையைக் கட்டிக்கொண்டு போனேன், தந்தது. வெளியே வந்தபோது வேலியருகே எல்நாதன் நின்றான். புதிய ஊருக்கு, அவிழ்ந்து திரியும் பன்றிகளைப் பிடித்துக் கட்டுகிற பன்றி மேற்பார்வை ஆளாக என் பெயரை எழுதலாமா என்று கேட்டான். எழுதிக்கொள்ளச் சொன்னேன்.