பெயர் சொல்லும்வரை தொடலாகாது

ஜூலை 8, செவ்வாய்

காலை எட்டு மணிக்கே வெயில் சுடுகிறது. புல்தரை காய்ந்துவிட்டதென குடியிருப்புச் சங்கமான ஹெச்.ஓ.ஏ.விடமிருந்து இரண்டாம் எச்சரிக்கை. பின்புற ஸ்பிரிங்க்ளர் ஒன்று உடைந்திருக்கிறது. வீட்டுக்காரரிடம் சொல்ல வேண்டும்.

இன்று: யாழினிக்குப் பல் மருத்துவர். தோசைக்கு ஊறப்போடுதல். பகல் பன்னிரண்டுக்கு லைவ்.

புதிய குறிப்பேடு. ஆகவே முறைப்படி ஒருமுறை பதிந்துவைக்கிறேன். இந்தோனேசியப் பேய்தேடும் சேனல் ஒன்றுக்கு நான் நெறியாளர். கைவிடப்பட்ட ஆலை, மூடிய மருத்துவமனை, குடியிருப்பாரற்ற பங்களா. நள்ளிரவில் உள்ளே நுழைந்து நேரலையாகக் காட்டுவார்கள். ஜாவாவில் நள்ளிரவு என்றால் இங்கே டெக்சஸின் கேட்டி நகரில் நண்பகல். அங்குள்ள நெறியாளர்கள் தூங்கி வழியும் வேளையில் நான் பீன்ஸ் நறுக்கியபடி விழித்திருக்கிறேன். கருத்துப் பெட்டியில் ஆபாசம், வசை, ‘எல்லாம் நடிப்பு’ என்னும் ஏளனம் ஆகியவற்றை நீக்குவது என் பணி. ஊதியம் இல்லை. ‘தாந்தே டெக்சஸ்’ என்று அழைக்கிறார்கள். தாந்தே என்றால் ஆன்ட்டி.

அம்மொழியை எவரும் எனக்குக் கற்பிக்கவில்லை. அவருடைய எண்ணெய் நிறுவனம் எங்களை இந்தோனேசியாவின் பாலிக்பாபானில் வைத்திருந்த ஆண்டுகளில், மாமியார் மருமகளை அறையும் மாலைத் தொடர்களையும், ஒரு பாட்டுக்கு ஒரு மணி நேரம் நடுவர்கள் அழுது தீர்க்கும் டாங்டுட் பாட்டுப் போட்டிகளையும் பார்த்துப் பார்த்து நானே கற்றேன். பன்னிரண்டாம் வகுப்போடு நிறுத்தப்பட்டவள். இன்று ஜாவாக்காரர்களின் எழுத்துப் பிழைகளை நான் திருத்துகிறேன். இதில் பெருமை கொள்வது குற்றமாகாது.

குழுத்தலைவர் ரெனோ. இளைஞர், ஓயாத வாய். கருத்துகளை உரக்க வாசித்து அந்த இடத்திலேயே பதில் சொல்வது அவர் பாணி. ஆவி இறங்குவது பாக் யோனோ மீது (பாக் ஆண்களுக்கான மரியாதைச் சொல், பெண்களுக்கு இபு; இனி பா.யோ.). முன்பு மினிபஸ் ஓட்டியவர், ஐம்பதைக் கடந்தவர். ஆவி நீங்கியதும் அவர் கேட்கும் முதல் கேள்வி, "என் செருப்ப எவன் எடுத்தது?"

ரெனோ வகுத்த விதிகள்:
- எல்லாருடைய கைப்பேசிகளும் அணைக்கப்பட்டு ஒரே பைக்குள். மணி ஒலித்தால் ஆவி கலையும். படம் பிடிக்கும் ஒன்று மட்டும் விழித்திருக்கும்.
- ஆவி இறங்கினால், அது தன் பெயரைச் சொல்லும்வரை அவரை யாரும் தொடலாகாது. தொட்டால் உள்ளேயே தங்கிவிடுமாம்.
- ‘பாவம், நிறுத்துங்கள்’ என்ற கருத்துகள் உடனே நீக்கம். ஒருவர் தொடங்கினால் நூறு பேர் தொடர்வார்கள்.
- ‘நான் யோனோவின் மனைவி’ என்போருக்குத் தடை. ஒவ்வொரு லைவிலும் இரண்டு மூன்று ‘மனைவியர்’ கேலிக்காக முளைக்கிறார்கள்.

பல் மருத்துவரிடம் போகும் வழியில் யாழினி: "அம்மா, யூ ஆர் லைக் அ பவுன்சர். ஃபார் கோஸ்ட்ஸ்."

"பேய்களுக்கு இல்லடி, பாக்குற மனுஷங்களுக்கு."

"தட்ஸ் ஈவன் வொர்ஸ்."

ஜூலை 9, புதன்

மாலை கோமதி வீட்டில் விருந்து. ஈரோட்டுக்காரி, நாக்குக்கு வேலி கிடையாது. எல்லார் முன்னிலையிலும், "ஏனுங்கக்கா, அங்க பேயெல்லாம் உங்ககிட்ட பர்மிஷன் வாங்கிட்டுத்தான் இறங்குதாமே?"

பின்னாலிருந்து இன்னொருத்தி, "எங்க வீட்டுக்காரரயும் கொஞ்சம் ப்ளாக் பண்ணி விடுங்க்கா, புண்ணியமாப் போகும்."

சிரிப்பு. நானும் சிரித்தேன். புளிசாதத்தில் உப்பு மிகுதி என்பதைச் சொல்லாமல் வந்தேன், அதுவே என் பெருந்தன்மை.

காரில் அவர்: "அவங்க சும்மா கிண்டல் பண்றாங்க திலகா. சீரியஸா எடுத்துக்காத."

எடுத்துக்கொள்ளவில்லை. இவர்களில் எத்தனை பேர் தாமாக ஒரு மொழியைக் கற்றார்கள்?

ஜூலை 10, வியாழன்

இடி மட்டும். மழை இல்லை. மனம் நிலையாக இல்லை. நடந்ததை வரிசைப்படி எழுதுகிறேன்.

வியாழன் இரவு அங்கே ஆவிகளுக்கு உகந்த இரவு. பார்வையாளர் கூட்டமும் அதற்கேற்ப. மூடிய சர்க்கரை ஆலையின் மேலாளர் பங்களா. தொடக்கத்திலேயே பா.யோ.வின் முகம் வெளுத்திருந்தது. காற்று புகுந்துவிட்டது என்றார். காய்ச்சல், மயக்கம், மூட்டுவலி, எதுவானாலும் அங்கே காற்று புகுந்ததுதான். அதற்கு முதுகில் எண்ணெய் தடவி நாணயத்தால் சுரண்டுவார்கள். வீட்டில் மனைவி சுரண்டிவிட்டாராம். கழுத்தருகே சிவந்த கோடுகளைக் கேமராவுக்குக் காட்டினார்.

ரெனோ: "காத்தும் பேயும் ஒண்ணா புகுந்தா உள்ள இடம் பத்துமா பாக்?"

பா.யோ.: "வயித்தப் பாத்தியா தம்பி? குடும்பத்தோட வரச் சொல்லு."

இஞ்சிப் பொடியைத் தண்ணீரில் கலக்கிக் குடித்தார். உள்ளே போனார்கள்.

இரண்டாம் அறையில் சுவரோடு சரிந்து உட்கார்ந்தார். சட்டை முழுவதும் வியர்வை. இடக்கை விரல்கள் மடங்கின. வாயைத் திறந்து மூச்சை இழுத்தார். "வலிக்குது... வீட்டுக்குப் போகணும்."

இந்தச் சேனலில் எந்த ஆவியும் இதைத்தான் சொல்லும். வலிக்கிறது, வீட்டுக்குப் போக வேண்டும். ஆலையில் செத்த கூலியாள் என்று கருத்துப் பெட்டி முடிவு கட்டிவிட்டது.

ரெனோ விலகி நின்று, "யாரு நீ? பேரச் சொல்லு. பேரச் சொன்னா அனுப்பி வைக்கிறோம்."

பெயர் இல்லை. மீண்டும் கேட்டார். மீண்டும் இல்லை.

அப்போது கருத்துப் பெட்டியில் ஒரு புதிய கணக்கு. பெயருக்குப் பதில் எண்கள், படத்தில் தொட்டியில் ஒரு மிளகாய்ச் செடி. ‘அது ஆவி இல்லை. நெஞ்சு. நான் அவர் மனைவி. மருத்துவமனைக்குக் கொண்டுபோங்கள்.’ நீக்கினேன். அதே வாசகம், இம்முறை பெரிய எழுத்துகளில். நீக்கினேன். மூன்றாம் முறை ஒரே சொல்: ‘தயவுசெய்து’. நீக்கித் தடை செய்தேன். அடுப்பில் குழம்பு கொதித்துக்கொண்டிருந்தது. ஒரு கையில் கரண்டி.

ரெனோ கேமராவைப் பார்த்து, "தாந்தே டெக்சஸ், நன்றி. இன்னிக்கு நம்ம வீடு சுத்தமா இருக்கு."

சற்று நேரத்தில் படம் தரைக்குச் சாய்ந்தது. யாரோ கத்தினார்கள். தொடர்பு அறுந்தது.

பெயர் சொல்லாமல் ஓர் ஆவியும் இதுவரை போனதில்லை.

இரவு உணவில் அவர்: "என்னாச்சு, கொழம்புல உப்பே இல்ல?"

ஜூலை 11, வெள்ளி

மழை. புல்தரைக்கு நல்லது. ஸ்பிரிங்க்ளர்காரர் வரவில்லை.

காலை ஒன்பதுக்கு நெறியாளர் குழுவில் ரெனோவின் குரல்செய்தி. அவர் குரலே அல்ல. பா.யோ. மருத்துவமனையில், செயற்கை மூச்சு. வெளியே ‘கடுமையான ஆவிப்பிடிப்பு’ என்று மட்டும் சொல்ல வேண்டும், பிரார்த்தனை கோர வேண்டும். அறிவிப்பைத் தாந்தே எழுதட்டும், மொழி அவருக்குத்தான் அழகாக வரும்.

எழுதினேன். ‘நம் அன்பிற்குரிய பாக் யோனோ, கண்ணுக்குப் புலப்படாத பெரும்போர் ஒன்றிலிருந்து மீண்டு வந்துகொண்டிருக்கிறார்.’ பலர் மெச்சினார்கள்.

ஒரு மணி நேரம் கழித்து இரண்டாம் குரல்செய்தி: "இபு மூர்னி, அதான் அவர் மனைவி, போன் மேல போன் போட்ருக்காங்க. எங்க போனெல்லாம் பையில கெடந்துச்சு. வேற வழியில்லாம லைவ்ல எழுதினாங்களாம். என் கண்ணுல எதுவும் படலையே. உங்க யாருக்காச்சும் பட்டுச்சா?"

மிளகாய்ச் செடி.

மூர்னியின் வீட்டிலிருந்து அந்த அறைக்கு ஒரே ஒரு வாசல் திறந்திருந்தது. அதில் காவலுக்கு நான்.

ஜாவாவின் மாலாங்கிலிருக்கும் தேவி என்ற நெறியாளர், கும்பிடும் கைகளின் படம் ஒன்று இட்டாள். நானும் இட்டேன்.

தடைப்பட்டோர் பட்டியலில் அந்தச் செடி முதலாவதாக இருந்தது. தடையை நீக்கினேன். இனி அவர் எதை எழுத?

கணவரிடம் சொன்னேன். லேப்டாப்பிலிருந்து கண்ணை எடுக்காமல், "நீ என்ன டாக்டரா? பத்தாயிரம் மைல் தள்ளி உக்காந்திருக்க. ரூல்ஸ் என்னவோ அதப் பண்ணின. விடு."

"அவங்க எழுதினத நான் படிச்சேங்க. எனக்குத்தான் நல்லாப் புரியுமே."

அதற்குப் பிறகு நிமிர்ந்து பார்த்தார்.

ஜூலை 12, சனி

நேற்று மாலை செய்தி வந்தது. அங்கே விடியற்காலைத் தொழுகை வேளையில் பா.யோ. காலமானார். அன்று நண்பகலுக்குள் அடக்கம்.

துணி மடித்தேன். இரண்டு சுமை. யாழினியின் பள்ளி இசைக்குழுச் சீருடையில் பித்தான் தைத்தேன்.

ரெனோவிடமிருந்து கோரிக்கை. கடைசி நேரலையை அஞ்சலியாக வெளியிடப் போகிறார்கள். வெளிநாட்டுப் பார்வையாளர் வருவார்கள், ஆகவே ஆங்கில சப்டைட்டில் தேவை. "உங்கள விட்டா யாரு தாந்தே?" அந்தக் குரலில் வியாபாரம் இல்லை. தூங்காதவனின் குரல். அதனால் முடியாது என்று உடனே சொல்ல வரவில்லை.

படத்தைத் திறந்தேன். நேற்று முன்தினம் ஆவி தெரிந்த இடத்தில் இன்று ஒரு மனிதர் உட்கார்ந்திருந்தார். தாடையைப் பிடிக்கிறார், இடக்கையைப் பிடிக்கிறார். நால்வர் சுற்றி நிற்கிறார்கள், ஒருவரும் கிட்டே போவதில்லை. பெயர் கேட்கிறார்கள்.

யாழினி பின்னால் வந்து நின்றதைக் கவனிக்கவில்லை.

"வெயிட். அம்மா, திஸ் கை இஸ் ஹேவிங் அ ஹார்ட் அட்டாக்."

"ம்."

"லைக், ரியலி. டிட் நோபடி சே எனிதிங்?"

"ஒருத்தங்க சொன்னாங்க."

"அண்ட்?"

லேப்டாப்பை மூடினேன். அவள் என் தோளில் கை வைத்தாள். ஏன் என்று அவளுக்குத் தெரியாது. அந்தக் கையின் கீழ் உட்கார்ந்திருக்க முடியாமல் எழுந்து பால் காய்ச்சப் போனேன்.

ஜூலை 13, ஞாயிறு

கோயிலுக்குப் போகவில்லை. தலைவலி என்று சொல்லி அவர்களை மட்டும் அனுப்பினேன்.

குழுவில் எழுதினேன்: இபு மூர்னியின் கருத்துகளை நீக்கியதும் தடை செய்ததும் நானே. சப்டைட்டில் எழுத என்னால் இயலாது.

தேவி: "விதிப்படிதானே செஞ்சீங்க தாந்தே. அவருக்கு நேரம் வந்துடுச்சு, போயிட்டாரு. நாம யாரும் காரணமில்ல." அதற்கு ஏழெட்டு இதயப் படங்கள். குற்றம் சாட்டியிருந்தால் நின்று பதில் சொல்லியிருப்பேன். அந்த இதயங்களுக்கு என்ன பதில் சொல்வது?

ரெனோ குழுவில் பேசவில்லை. தனியாக அழைத்தார். முதல்முறை.

"தாந்தே, இத அந்தம்மாகிட்ட சொல்ல வேணாம்."

"ஏன் தம்பி?"

"நான் பாத்துட்டுப் பாக்காத மாதிரி இருந்தேன்னு நினைக்கிறாங்க. அடக்கத்தப்போ எல்லார் முன்னாடியும் என் சட்டையப் பிடிச்சாங்க. பிடிக்கட்டும். பேரச் சொல்லுன்னு அவர்கிட்ட நின்னு கேட்டுட்டிருந்தவன் நான்தானே."

"அவங்க நம்பர் குடுங்க."

"என்ன பண்ணப் போறீங்க?"

"குடுங்க."

கொடுத்தார்.

கோயிலிலிருந்து வந்த அவர் பிரசாதப் பொட்டலத்தை மேசையில் வைத்தார். கோமதி கேட்டாளாம்: "அக்காவ எங்க காணோம், பேய் புடிச்சுருச்சுங்களா?"

பிற்பகல் படத்தை வெளியிட்டுவிட்டார்கள், சப்டைட்டில் இல்லாமல். ரெனோ தடுத்தாராம். சேனலில் பங்கு வைத்திருப்பவர்கள் கேட்கவில்லை. கீழே கருத்துகள்: ‘இதுவரை பார்த்ததிலேயே மிக உண்மையானது.’ ‘உடல் சிலிர்க்கிறது.’ ‘எல்லாம் நடிப்பு.’ நீக்க நான் இல்லை.

ஜூலை 14, திங்கள்

மேகமூட்டம். ஸ்பிரிங்க்ளர்காரர் ஒருவழியாக வந்தார்.

விடிந்தது முதல் இபு மூர்னிக்குக் கடிதம். பெருமதிப்பிற்குரிய என்று தொடங்கினேன். பாலிக்பாபானில் இரங்கல் உரைகளில் கேட்ட சொற்கள், நானாகச் சேர்த்த சொற்கள், ஒரு பிழையும் இல்லை. ஈடுசெய்யவியலாத இழப்பு. என் கவனக்குறைவின் விளைவாக நேர்ந்த தகவல் தடை. இருமுறை வாய்விட்டு வாசித்து அனுப்பினேன்.

அங்கே இரவு ஒன்பது இருக்கும். சற்று நேரத்தில் குரல்செய்தி. பின்னால் பாத்திரம் கழுவும் ஓசை, யாரோ தொழ வந்தவர்களின் பேச்சு. குரல் மெல்லியது, ஜாவா இழுவை.

"இபு, உங்க எழுத்து ரொம்ப ஒசத்தி. என் மக வாசிச்சுக் காட்டினா. அவளுக்கே பாதி புரியல, எனக்கு எங்க புரியப்போகுது. ஒண்ணே ஒண்ணு கேக்கறேன், அதுக்கு மட்டும் சொல்லுங்க. நான் எழுதினத ரெனோ வழக்கம்போல சத்தமா வாசிச்சாரா? அங்க உக்காந்திருந்த அவர் காதுல விழுற மாதிரி?"

கடிதத்தை முழுவதும் மீண்டும் படித்துப் பார்த்தேன். நான் நீக்கினேன் என்ற சொல் அதில் எங்குமே இல்லை.

தட்டச்சு செய்யவில்லை. என் குரலிலேயே பேசினேன். "இல்லம்மா. யாரும் வாசிக்கல. நீங்க எழுதினது யார் கண்ணுலயும் படுறதுக்கு முன்னாடியே நான் அழிச்சேன். மூணு தடவையும் நான்தான். ரெனோ பாக்கவே இல்ல."

கேட்டுவிட்டார் என்று கைப்பேசி காட்டியது. அரிசி களைந்தேன். குக்கரை மூடவில்லை. பிறகு பதில் வந்தது. மிகச் சிறியது. திட்டுவார் என்று நின்றுகொண்டே கேட்டேன்.

"அப்படியா. நான் கூப்பிட்டேன்னு தெரிஞ்சிருந்தா எந்திரிச்சு வந்திருப்பாரே, ஏன் வரலன்னு ராத்திரியெல்லாம் அவர்கிட்டதான் சண்டை போட்டுட்டிருந்தேன். அப்ப நான் கூப்பிட்டதே அவருக்குத் தெரியாது."