பிலிப்பைன்ஸ் ரீலும் என் வலது கையும்

1974 ஆகஸ்ட் 11, இரவு.

இதை எவனும் நம்பமாட்டான் என்று உறுதிகூறியே தொடங்குகிறேன். எங்கள் தீவுக்கு மெயின்லேண்ட் கப்பல் வரவில்லை, புதுப்படமும் இல்லை. இன்றும் காட்சி நடக்காவிட்டால் கொட்டகையை மூடிவிடுவதாக முதலாளி மாணிக்கம் அழுதான். மாலுமி ஒருவன் எப்போதோ விட்டுப்போன பிலிப்பைன்ஸ் 'வயதுவந்தோர்' படத்தைப் பூஞ்சை துடைத்து, உயிர்கொடுத்து ஓட்டினேன். எங்கள் ஷாதிபூரே திரண்டது, வண்டூர்க் கடல் மீன்கள்கூட வரிசையில் நின்றன. முத்தக்காட்சி வந்ததும் வழக்கப்படி புரொஜெக்டர் லென்ஸைக் கையால் மறைத்தேன்.

இருட்டில் ஒரு குரல்: "ஹாத் ஹடாவ்! கையை எடுங்க மாமா!"

கொட்டகையே சேர்ந்து கத்தியது. எடுத்தேன். விசிலில் கூரைத் தகரம் நிக்கோபார்வரை பறந்தது!

"மாமா, நாளைக்கும் இதே படந்தான்!" என்று மாணிக்கம் என்னைத் தூக்கிச் சுற்றினான். கொட்டகை பிழைத்தது.

மீனும் தகரமும் என் கைச்சரக்கு. முதலில் கத்தியது என் மனைவி என்பது மட்டும் நிஜம்.