ஏரிக்குள் ஓடிய சோற்றுப் பானை

நம்ம சோபியாவோட நைனாவுக்கு,

சோற்றுப் பானை முதல் கரண்டி வரை படகில் ஏற்றிக்கொண்டு ஏரிக்குள் ஓடுகிறாய். கரையிலிருந்து நான் கத்துவது உன் காதில் விழவில்லை. அதனால் எழுதுகிறேன்.

இன்னாய்யா இது? கடனுக்காக கோர்ட் அமீனா ஜப்திக்கு வந்தாலும் சமையல் பாத்திரத்தைத் தொடக்கூடாது, அதுதான் சட்டம்னு வக்கீலம்மா படித்துப் படித்துச் சொன்னார். நீ அதையெல்லாம் ஒளித்துவிட்டு, எடுக்கக்கூடிய டிவியையும் பைக்கையும் துடைத்து வைத்துவிட்டுப் போகிறாய்!

நண்டு வாளியில் உயிரோடு கிடக்கிறது. சட்டி வந்ததும் நீயே குழம்பு வை. நான் பொன்னேரிக்குப் போகிறேன்.

மார்கரெட்

இன்னொன்று: அமீனா வரமாட்டார். தவணையில் கட்டலாம் என்று செவ்வாய்க்கிழமையே கோர்ட்டில் சொல்லிவிட்டார்கள். முதல் தவணை கட்டத்தான் போகிறேன். என்னைக் கேட்காமல் உன் தம்பி வாங்கிய கடனுக்கு ஜாமீன் கையெழுத்துப் போட்டாயே, மூன்று நாள் நடுங்கு என்றுதான் சொல்லவில்லை.