துண்டு

அப்பாவுக்கு,

வலியை மனிதன் எவ்வளவு தாங்குவான் என்று பார்க்க, நீங்கள் ஐஸ் தண்ணீரில் கையை விட்டு உட்கார்ந்திருப்பீர்கள். நான் கடிகாரத்தோடும் துண்டோடும் பெருமையாக நிற்பேன்.

அம்மா வயிற்றைப் பிடித்துக்கொண்டு அழுதபோது, "இதெல்லாம் ஒரு வலியா? நான் தாங்காததா?" என்றீர்கள். குடல்வால் வெடித்த பிறகுதான் ஆஸ்பத்திரிக்கு வந்தோம்.

"எங்கடி அந்த மாவீரர்?" என்று அம்மா இன்று கேட்டாள்.

"ஏதோ சோதனை செய்றாராம்மா."

"சிரிக்க வைக்காதடி, தையல் வலிக்குது."

நீங்கள் கதவுவரை வந்தீர்களாம். அம்மா முனகுவதைக் கேட்டதும் தாங்க முடியாமல் திரும்பிவிட்டீர்களாம். நர்ஸ் சொன்னார்.

நீங்கள் "போதும்" என்றதும் நான் துண்டை நீட்டுவேன். அம்மா நேற்றிலிருந்து "போதும், போதும்" என்றுதான் முனகுகிறாள். அவளுக்கு நான் எதை நீட்டுவது?

உங்கள் மகள்