என் ஜன்னலுக்குக் கீழே சொல்லும் கதை

ஏப்ரல் 6, சனி

கோபத்தில் எழுதினால் வரிசை குழம்பும். ஆகவே முதலில் சுருக்கம்.

1. அந்த வழிகாட்டி பொய் சொல்கிறான்.
2. என் மனைவி ஃபுசாயே தன் வாழ்நாளில் யார்மீதும் ஒரு புகாரும் செய்ததில்லை.
3. எனக்கு ஆங்கிலம் தெரியும் என்பது அவனுக்குத் தெரியாது.
4. அவன் இந்தச் சந்தில் கால் வைக்க முடியாதபடி செய்வேன்.
5. செய்தது நான் என்று யாருக்கும் தெரிய வேண்டியதில்லை.

ஐந்தாவதைப் படிக்கக் கூச்சமாக இருக்கிறது. இருந்தாலும் கோடு போட்டு அடிக்கவில்லை.

இனி விவரம். சனிக்கிழமைகளில் மஞ்சள் தொப்பி போட்ட ஓர் இளைஞன் ஐந்தாறு வெளிநாட்டவரை அழைத்துக்கொண்டு எங்கள் பேட்டையைச் சுற்றுகிறான். தோஃபு கடை, ஊறுகாய்க் கடை, அரிசி அப்பளக் கடை, கடைசியில் பெரிய கடைத்தெருவில் மருஷோ இறைச்சிக்கடையில் பொரிக்கும் உருளைக்கிழங்கு வடையான கொரொக்கே. தின்பதும் நடப்பதும்தான் சுற்றுலா. வழியில் எங்கள் சந்தில் நின்று பூந்தொட்டிகளைப் படம் எடுப்பார்கள். அதை நான் குற்றமாக நினைத்ததில்லை.

இன்று மெத்தையை வெயிலில் போட மாடி ஜன்னலைத் திறந்திருந்தேன். அவன் என் வீட்டைக் காட்டி ஆங்கிலத்தில் சொன்னது:

"இந்த வீட்டுல ஒரு அம்மா இருந்தாங்க. எதிர்ல, இப்ப கார் நிறுத்துற இடம் இருக்கே, அங்கதான் அப்போ மருஷோ கடை. பொரிக்கிற வாசம் பிடிக்கலன்னு அந்தம்மா வாராவாரம் இப்படி மூக்கைப் பிடிச்சுக்கிட்டு சண்டைக்கு வருவாங்க. அவங்க தலை தெரிஞ்சாலே கடைக்காரர் ஐஸ் அறைக்குள்ள ஓடி ஒளிஞ்சுக்குவாரு!"

சிரிப்பு. மூக்கைப் பிடித்து நடித்தும் காட்டினான். ஒரு பெண் படம் எடுத்தாள்.

ஜன்னலைச் சாத்தினேன். படாரென்று அல்ல, மெதுவாக. படாரென்று சாத்த எனக்கு வரவில்லை.

ஃபுசாயே இறந்து இரண்டு வருடம் ஆகிறது. பேருந்தில் காலை மிதித்தவனிடம் தானே மன்னிப்புக் கேட்டவள். அவளைப் போய்!

ஏப்ரல் 13, சனி

அவர்கள் வருவதற்குச் சற்று முன் வாசலில் தண்ணீர் தெளித்தேன். வழக்கமாகத் தெளிப்பதுதான், இன்று இரண்டு வாளி கூடுதல். காலணிகள் நனையட்டும் என்று. ஒரு வெள்ளைக்காரர் குனிந்து, "எவ்வளவு சுத்தம்!" என்று வியந்தார்.

அதே கதை. மூக்கு வந்தது, சிரிப்பு வந்தது, ஜன்னலைச் சாத்திவிட்டேன்.

ஏப்ரல் 14, ஞாயிறு

குளியல் தொட்டியில் உட்கார்ந்து ஆங்கிலத்தில் மூன்று வாக்கியங்கள் பழகினேன். மூன்றாவது இன்னும் மரியாதையாகவே வருகிறது.

ஏப்ரல் 20, சனி

முன்பக்கக் கொடியில் என் உள்ளாடைகளை வரிசையாகக் காயப்போட்டேன், அவர்கள் முகம் சுளிக்க வேண்டும் என்று. அவற்றையும் படம் எடுத்தார்கள்.

இதைவிட மோசம்: மஞ்சள் தொப்பி நிமிர்ந்து பார்த்து எனக்குத் தலை குனிந்து வணங்கினான். நானும் வணங்கினேன். பழக்கம். உடம்பு தானாகக் குனிகிறது. என்ன மனிதன் நான்? மனைவியை நடுத்தெருவில் கேலி செய்கிறவனுக்கு வணக்கம்!

அவன் அழவேண்டும். எல்லோர் முன்னிலும்.

ஏப்ரல் 24, புதன்

குடியிருப்போர் சங்கத் தலைவர் நெமோத்தோவின் சவரக்கடைக்குப் போனேன். தலையில் வெட்ட அதிகம் இல்லை, இருந்தாலும் உட்கார்ந்தேன்.

"சந்துல சத்தம் கொஞ்சம் அதிகமாயிருக்கோன்னு... நான் தப்பாவும் நினைச்சிருக்கலாம்," என்றேன்.

"அந்த டூரா? நீங்களே வாயைத் திறந்து சொல்றீங்கன்னா சத்தம் நிஜமாவே காதைப் பிளந்திருக்கணும், வாத்தியாரே!"

"என் பேர் வேண்டாம்."

"கத்திரி வாயைத் திறந்தா முடிதான் விழும், பேரு விழாது. நீங்க நிம்மதியா கண்ணை மூடுங்க."

சுற்றுப் பலகையில் தாள் கோத்து வீடு வீடாக அனுப்புகிறார்: பொது அமைதிக்காக, மே மாதத்தின் முதல் சனிக்குப் பிறகு சுற்றுலாக் குழுக்கள் சந்துக்குள் வரவேண்டாம் என்று. சம்மதிக்கும் வீடுகள் தங்கள் பெயர் முத்திரையைக் குத்தவேண்டும்.

ஏப்ரல் 29, திங்கள்

பலகை இன்று என் வீட்டுக்கு வந்தது. முதல் கட்டம் காலியாக இருந்தது. யோசித்துவிட்டு, என்மேல் சந்தேகம் வராதபடி ஐந்தாவது கட்டத்தில் குத்தினேன். அடுத்த வீட்டில் கொடுத்தபோது வழக்கத்தைவிட ஆழமாகக் குனிந்தேன்; சந்தோஷத்தில்தான் என்று நினைக்கிறேன்.

மே 1, புதன்

எல்லா வீடும் சம்மதம். என் சுருக்கத்தில் நான்காவது நிறைவேறிவிட்டது. ஆனால் திருப்தி இல்லை. ஏன்? அவன் முகத்தை நான் பார்க்கப்போவதில்லை என்பதாலா?

கடைசிச் சனி இருக்கிறது. சுற்றுலாவில் நானே சேரப் போகிறேன். தொலைபேசியில் வேறு பெயர் சொல்லிப் பதிவு செய்தேன். என் வீட்டு வாசலில், அவன் மூக்கைப் பிடிக்கும் அந்த நொடியில், மூன்று வாக்கியங்களையும் சொல்லிவிட வேண்டும். பிறகு மருஷோ கடையில், அதை நடத்தும் தொகிகோ அம்மாவைச் சாட்சிக்கு அழைப்பேன். ஃபுசாயேயின் இறுதிச் சடங்கில் முன்வரிசையில் அழுதவர் அவர். புகார் செய்தவளுக்காக யாராவது அப்படி அழுவார்களா?

மே 4, சனி

நடந்ததை வரிசை மாறாமல் எழுத முயல்கிறேன்.

மஞ்சள் தொப்பியின் பெயர் நாகுமோ. ரயில் நிலைய வாசலில் என்னைப் பார்த்ததும் அவன் முகம் மாறியது. ஜன்னலில் வணங்கிய கிழவன் என்று தெரிந்துவிட்டது போலும். "ஐயா, இது ஆங்கிலச் சுற்றுலா," என்றான். "பரவாயில்லை," என்று ஆங்கிலத்தில் சொன்னேன். சுருக்கத்தில் மூன்றாவதாக எழுதிய ரகசியத்தை அங்கேயே செலவழித்துவிட்டேனோ என்று பிறகு தோன்றியது.

கனடாவிலிருந்து இரண்டு சகோதரிகள், ஆஸ்திரேலியாவிலிருந்து ஒரு தம்பதி, நான். தோஃபு கடையில் சூடான சோயாப் பால். ஊறுகாய்க் கடையில் கத்தரிக்காய். என் நாக்குக்கு எந்த ருசியும் எட்டவில்லை. நாகுமோ நடந்துகொண்டே தின்னக் கூடாது என்று சொல்லி, எல்லோருடைய காகிதங்களையும் குச்சிகளையும் வாங்கித் தன் பையில் போட்டுக்கொண்டான். நல்ல பையன் போல. அது எனக்கு இன்னும் எரிச்சலாக இருந்தது.

எங்கள் சந்து. என் வீடு. அவன் நிற்காமல் நடந்தான்.

"இந்த வீட்டுக்கு ஒரு கதை இல்லையா?" என்றேன்.

"இன்னைக்கு வேண்டாங்க, ஐயா."

"சொல்லுங்கள்."

சொன்னான், தரையைப் பார்த்துக்கொண்டு. ஐஸ் அறை வந்தது. மூக்கைப் பிடிக்கக் கை பாதி வரை போய் நின்றது. அப்போதும் ஆஸ்திரேலியர் சிரித்தார்.

என் குரல் எங்கிருந்து வந்ததோ. "அந்தப் பெண்மணி என் மனைவி. அவள் யார்மீதும் புகார் செய்ததில்லை. இறந்தவளைக் காட்டிப் பிழைக்க உமக்கு வெட்கமாக இல்லையா?"

நாகுமோ தொப்பியைக் கழற்றி இடுப்பு மடியக் குனிந்தான். "ஐயா, கதை இன்னும் முடியல..."

"முடிந்துவிட்டது," என்றேன்.

இனித்தது. பொய் சொல்ல மாட்டேன், அந்தக் குனிந்த முதுகைப் பார்க்க அவ்வளவு இனித்தது. கனடாச் சகோதரிகளில் மூத்தவர் என் சட்டைக் கையைத் தொட்டார். நான் படைக்குத் தலைவன் போல முன்னால் நடந்தேன், மருஷோ கடைக்கு.

தொகிகோ அம்மா எண்ணெய்ச் சட்டிக்குப் பின்னால் நின்றார். "அடடா, வாத்தியாரய்யா! இத்தனை நாளா எங்க போய் ஒளிஞ்சீங்க?"

"அம்மா, இவர்களிடம் சொல்லுங்கள். ஃபுசாயே எப்போதாவது உங்கள் கடையைப் பற்றிப் புகார் செய்தாளா?"

"எப்போதாவதா? வாராவாரம்! வியாழக்கிழமை தவறினதே இல்ல!"

நான் சிரித்தேன் என்று நினைக்கிறேன். வேடிக்கைக்குச் சொல்கிறார் என்று.

"ரெண்டு கையிலயும் இனிப்புப் பெட்டியை ஏந்திக்கிட்டு, ஊதாத் துணியில அழகா முடிஞ்சு. 'தொந்தரவுக்கு மன்னிக்கணும்'னு குனிவாங்க. நிமிர்ந்தாங்கன்னா அரைமணி நேரம் விளாசல்! எம் புருஷன் ஐஸ் அறைக்குள்ள போயிடுவாரு. ஒரு தடவை அதுலயே ஜலதோஷம் பிடிச்சுது அந்த மனுஷனுக்கு."

"எதற்காக..."

"பெட்டியை வாங்கிட்டா பதிலுக்கு ஏதாச்சும் குடுக்கணுமில்ல? எங்கிட்ட என்ன இருக்கு? சூடா அஞ்சு கொரொக்கே, அதே துணியில. வாசம் வேண்டாம்னு வந்தவங்க கையிலயே வாசம்! மறுவாரம் அதுக்குப் பதிலா இன்னொரு பெட்டி, கூடவே இன்னொரு சண்டை. நான் புகைக்குழாயைப் பின்பக்கம் திருப்பினப்புறமும் வந்தாங்க. பழகிப்போச்சு, ரெண்டு பேருக்கும்."

வியாழக்கிழமை கொரொக்கே. எங்கள் வீட்டில் வியாழக்கிழமை இரவு எப்போதும் கொரொக்கே. விலைக்கு வாங்கியது என்றே நினைத்தேன்.

"எதற்காகப் புகார் செய்தாள்?" என்று மறுபடி கேட்டேன்.

தொகிகோ அம்மா சட்டியிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. "உங்க சட்டைக்காக. உங்க சட்டையெல்லாம் எங்க எண்ணெய் வாசம். இஸ்கூல்ல பசங்க உங்களைக் கொரொக்கே வாத்தியார்னு கூப்பிடுறாங்கன்னு யாரோ வந்து சொல்லிட்டாங்க. 'அவருக்குத் தெரியாது, தெரியவும் கூடாது'ம்பாங்க. சொல்லும்போதே கண்ணு செவந்துபோகும். நானும் அவங்க இருக்கிற வரைக்கும் சொல்லல."

நாகுமோ கடைக்கு வெளியே நின்றான், தொப்பி கையில். தொகிகோ அம்மா அவனைப் பார்த்தார். "நான்தான் இந்தத் தம்பிக்குச் சொன்ன கதை. கடைசியில அந்தக் கொரொக்கே பரிமாற்றம் வரும், அதைச் சொல்லிட்டுத்தான் இங்க கூட்டிட்டு வருவான். சந்துல இனி விடமாட்டாங்களாமே? எவனோ அமைதி வேணும்னு கேட்டிருக்கான். இனிப்புப் பெட்டிகூட இல்லாம, பேரும் சொல்லாம. அது என்ன புகார்?"

என் கையில் ஒரு கொரொக்கேயைத் திணித்தார். தின்றேன். எல்லோரும் தின்றோம்.

மே 5, ஞாயிறு

கொரொக்கே வாத்தியார். முப்பது வருடம். எல்லோருக்கும் தெரிந்திருக்கிறது.

மே 6, திங்கள்

அவளுடைய இழுப்பறையில் ஊதாத் துணி கிடைத்தது. துவைத்து மடித்துத்தான் வைத்திருக்கிறாள். முகத்தில் வைத்துப் பார்த்தேன். மடிப்பின் உள்ளே இன்னும் கொரொக்கே பொரிக்கும் பன்றிக்கொழுப்பு வாசம்.

மே 8, புதன்

நெமோத்தோவிடம் ஓர் இனிப்புப் பெட்டியோடு போனேன். இரண்டு கைகளாலும் நீட்டினேன்.

"தாளைத் திரும்பப் பெற வேண்டும். புகார் செய்தது நான் என்று என் பெயர் போட்டு எழுதுங்கள்."

"என்ன வாத்தியாரே, முத்திரை காயறதுக்குள்ள! பேரு வேண்டாம்னீங்க?"

"இப்போது வேண்டும்."

"அப்ப எல்லா வீட்டுக்கும் நீங்களே ஏறி இறங்கணும். நான் கூட வரமாட்டேன், எனக்கு வெட்கமா இருக்கும்." பெட்டியைக் குலுக்கிப் பார்த்தார். "பயறு பூரணமா?"

மே 12, ஞாயிறு

எல்லா வீடும் முடிந்தது. மூலைவீட்டு அம்மாள் வாசலிலேயே நிறுத்தி, "அமைதி நல்லாத்தானே இருந்துச்சு, வாத்தியாரே," என்றார். அரைமணி நேரம் வாதாடினேன். நான்! வாதாடினேன். இறுதியில், தடையை நீக்கும் தாளில் முத்திரை குத்தினார்.

மே 16, வியாழன்

நாகுமோவின் அலுவலகத்துக்கும் ஒரு பெட்டி. அவன் வாங்கத் தயங்கினான். "ஐயா, அந்தக் கதையை இனிமே சொல்லமாட்டேன்."

"சொல்லுங்கள். மூக்கை மட்டும் விட்டுவிடுங்கள். பெட்டி இரண்டு கையிலும் இருக்கும்போது மூக்கை எதனால் பிடிப்பாள்?"

அவன் யோசித்தான். "அந்த மூக்கு நானாச் சேர்த்ததுதாங்க. சிரிப்புக்காக."

உள்ளே பழைய கோபம் ஒருமுறை தலைதூக்கியது. அடக்கவில்லை, அவன் பார்க்கட்டும் என்று அப்படியே முகத்தில் வைத்திருந்தேன். இம்முறை அவன் குனிந்தபோது என் உடம்பு குனியவில்லை.

மே 23, வியாழன்

வாசல் மணி. தொகிகோ அம்மாவின் கடையிலிருந்து ஒரு பொட்டலம், சூடாக. நாகுமோ பெட்டியை அவரிடம் கொண்டுபோய்க் கொடுத்திருக்கிறான் போல. ஐந்து கொரொக்கே. பதிலுக்கு நான் ஏதாவது கொடுத்தாகவேண்டும். சண்டைக்கு ஒரு விஷயமும் யோசிக்க வேண்டும்.

மே 25, சனி

ஜன்னலைத் திறந்து வைத்துக் காத்திருந்தேன். ஆறு பேர். கதை தொடங்கியது. கைகள் பெட்டி ஏந்தியபடி இருந்தன, மூக்குக்குப் போகவில்லை. ஐஸ் அறை வந்தது, சிரித்தார்கள். என் கை தாழ்ப்பாளுக்குப் போனது; இழுத்துக்கொண்டேன். பிறகு கொரொக்கே, பெட்டி, மறுபடி கொரொக்கே. பிறகு சட்டை. அங்கே யாரும் சிரிக்கவில்லை.

கொரொக்கே வாத்தியார் என்ற பெயரை முதலில் வைத்தது யார் என்று மூன்று வாரமாக யோசிக்கிறேன். என் வகுப்பின் பின்வரிசையில் எப்போதும் ஜன்னல் பக்கம் உட்கார்ந்த ஓர் இகேயுச்சி இருந்தான். இப்போது வங்கியில் மேலாளர் என்று கேள்வி. அவனாக இருக்கலாம். இல்லாமலும் இருக்கலாம். என்றாலும் அவன் வீட்டு முகவரியைத் தேடி எடுத்து வைத்திருக்கிறேன். ஒரு பெட்டியோடு போகவேண்டும்.

முதல் நாள் எழுதிய சுருக்கத்தை மறுபடி பார்த்தேன். முதலாவது நிற்கிறது: மூக்கு பொய். மூன்றாவது அப்போது சரி. நான்காவதைச் செய்து காட்டினேன், பிறகு நானே கலைத்தேன். ஐந்தாவதை நானே உடைத்தேன். அதைத் தவறு என்று சொல்ல முடியாது.

இரண்டாவது தவறு. ஃபுசாயே புகார் செய்தாள். வியாழக்கிழமைதோறும்.